ஜெர்சி மாடும் ஒரு சாம்பியன் டீமும்!

லாஸ்ட் பெஞ்ச் லெட்டர்

செமஸ்டர் எக்ஸாம் முடிஞ்சு, ரிசல்ட் வர்றதுக்கு முன்னாடி ஒரு கேப் கிடைக்குமே... 'பாஸா, அரியரா'ன்னு யாருக்குமே தெரியாததால எல்லாருமே பாஸான மாதிரி சுத்துற அந்தப் பொன்னான பத்து நாள்! அதில்தான் உட்கார்ந்து இந்த வார லெட்டரை எழுதுறேன்.

முதல்ல ஒரு மார்க் கேள்வி. ஜெர்சி மாடு தெரியும்தானே? செம்பழுப்பு கலர், பெரிய பெரிய கண்ணு. பாலில் கொழுப்பு ஜாஸ்தி. எங்க அப்பத்தா வீட்டுத் தொழுவத்துல ஒண்ணு நின்னுச்சு. அப்பத்தாவுக்கு அது 'சீமை மாடு'. பால் சொசைட்டிக்காரருக்கு 'ஜெர்சி'. எனக்கு ஜெர்சிங்கிறது மாட்டோட பேரு. கிரிக்கெட் டீம் போடுற டி-ஷர்ட்டுக்கு எதுக்கு மாட்டுப் பேரை வச்சாங்கன்னு ரொம்ப நாள் யோசிச்சிருக்கேன். சிரிக்காதீங்க, நிஜமாத்தான்!

ஜெர்சி ஒரு தீவு பாஸ். மாடும் அங்கிருந்து வந்ததுதான், பனியனும் அங்கிருந்து வந்த பேர்தான். பிரான்ஸ் கடற்கரையிலிருந்து இருபது கிலோமீட்டர் சொச்சம் தூரத்தில், இங்கிலீஷ் கால்வாயில் மிதக்கிற துக்கடா தீவு. பரப்பளவு சுமார் 120 சதுர கிலோமீட்டர். சென்னை மாநகராட்சியில் மூன்றில் ஒரு பங்குகூட தேறாது. 2021 கணக்குப்படி மக்கள்தொகை ஒரு லட்சத்து மூவாயிரம் சொச்சம். பிரிட்டிஷ் மன்னருக்குக் கீழே வந்தாலும் பிரிட்டனோடு சேராமல், சொந்தச் சட்டசபை வச்சிருக்கிற ஊர்.

இந்த ஊர்ல ஒரு ரக்பி டீம் இருந்தது. பேரு ஜெர்சி ரெட்ஸ். 2022-23 சீஸனில் இங்கிலாந்தின் இரண்டாம் டிவிஷனில் சாம்பியன். கோப்பையைத் தூக்கி அஞ்சே மாசத்தில் அந்த கிளப்பே இல்லை!

தோத்துக் காணாமப் போன டீம் கதை ஆயிரம் கேட்டிருப்போம். ஜெயிச்சுக் காணாமப் போன டீம் கதை இது. இதை எதுக்கு உங்ககிட்ட சொல்றேன்னு கடைசியில் சொல்றேன். அதுக்கு ஒரு காரணம் இருக்கு.

ரெண்டே நிமிஷத்தில் ரக்பி

'அமெரிக்காக்காரன் ஹெல்மெட் போட்டு மோதிக்குவானே, அதானே?' என்று கேட்கிற என் ரூம்மேட்டுக்காக இந்தப் பாரா. அது வேற, இது வேற. இதில் ஹெல்மெட் கிடையாது, தோள்பட்டையில் ஷீல்டு கிடையாது. ஒரு சைடுக்குப் பதினைந்து பேர், நாற்பது நாற்பது நிமிஷமா ரெண்டு பாதி. பந்து முட்டை வடிவம். கையில் எடுத்துக்கிட்டு முன்னாடி ஓடலாம், காலால் முன்னாடி உதைக்கலாம். ஆனா, கையால் பாஸ் பண்ணணும்னா பின்னாடி மட்டும்தான். முன்னாடி போகணும்னா பின்னாடி இருக்கிறவனை நம்பணும். இதுதான் ரக்பி.

எதிராளி கோட்டைத் தாண்டி பந்தைத் தரையில் வச்சா அதுக்குப் பேர் ட்ரை, 5 பாயின்ட். அப்புறம் கம்பத்துக்கு நடுவே உதைச்சா இன்னும் 2. பெனால்டி உதைச்சா 3. லீக் டேபிளில் ஜெயிச்சா 4 பாயின்ட், டிரா என்றால் 2. இது போக, நாலு ட்ரை அடிச்சா ஒரு போனஸ். தோத்தாலும் ஏழு பாயின்ட்டுக்குள் தோத்தா ஒரு ஆறுதல் போனஸ். 'இன்டர்னல் மார்க்' மாதிரின்னு வச்சுக்கோங்களேன்!

மாடி வீடும் கீழ் வீடும்

இங்கிலாந்து ரக்பியில் உச்சாணிக் கிளை, பிரீமியர்ஷிப். டி.வி, ஸ்பான்சர், சர்வதேச ஸ்டார்கள் எல்லாம் அங்கேதான். அதுக்கு அடுத்த கிளைதான் நம்ம ஏரியா. 2009-ல் 'சாம்பியன்ஷிப்' என்று பேர் வச்சு ஆரம்பிச்ச இரண்டாம் டிவிஷன்.

2022-23 சீஸனில் இதில் 12 டீம். ஒவ்வொருத்தரோடும் சொந்த ஊரில் ஒண்ணு, அவங்க ஊரில் ஒண்ணு. ஆக ஆளுக்கு 22 மேட்ச். யார் யார் விளையாடினாங்கன்னு பார்த்தா, நம்ம காலேஜ் ஹாஸ்டல் மாதிரியே கலவையான கூட்டம்.

ஹார்ட்புரின்னு ஒரு டீம். சாட்சாத் காலேஜ் டீம்! க்ளூஸ்டர்ஷயரில் விவசாயக் கல்லூரியா இருந்து, பிறகு யுனிவர்சிட்டியாக வளர்ந்த இடம். ஒரு பக்கம் மாடு, குதிரை, பயிர் பற்றிய படிப்பு, இன்னொரு பக்கம் ரக்பி. 2016-17 சீஸனில் மூணாவது டிவிஷனில் ஆடின 30 மேட்ச்சிலும் ஜெயிச்சு மேலே வந்தவங்க. முப்பதுக்கு முப்பது! நம்ம ஆளுங்க யாராவது இன்டர்னலில்கூட இப்படி வாங்கியிருக்காங்களா?

லிவர்பூலுக்கு ஆற்றுக்கு அந்தப் பக்கம், கால்டின்னு ஒரு டீம். அந்த சீஸனில்தான் முதன்முறையா இங்கே ஏறி வந்தாங்க. பார்ட் டைம் பிளேயர்கள். பகலில் வேற வேலை, சாயங்காலம் பிராக்டிஸ், சனிக்கிழமை மேட்ச். திங்கள்கிழமை காலையில் வீங்கின கண்ணோடு வேலைக்குப் போற ஆளுங்க.

இங்கிலாந்தின் தென்மேற்கு மூலையில், பென்சான்ஸ் ஊரில் கார்னிஷ் பைரேட்ஸ். பேரே கடற்கொள்ளையர்! 2021 மார்ச்சில் ஒரு சம்பவம் பண்ணினாங்க. சாரசென்ஸ்னு ஒரு பெரிய கிளப், 2016, 2017, 2019-ன்னு மூணு தடவை ஐரோப்பிய சாம்பியன். பிளேயர் சம்பளத்துக்கு வச்சிருந்த உச்சவரம்பை மீறினதால் பாயின்ட்டைப் பிடுங்கி, இரண்டாம் டிவிஷனுக்கு இறக்கிவிட்டாங்க. கீழே வந்து ஆடின முதல் லீக் மேட்ச்சே பைரேட்ஸோடு. ஸ்கோர் 25-17. ஜெயிச்சது பைரேட்ஸ்! கொரோனா காலம் என்பதால் கைதட்ட கேலரியில் ஆளே இல்லை. அதுதான் சோகம்.

அட, இங்கிலாந்தின் கேப்டனா இருந்த ஓவன் ஃபாரல் தெரியுமா? அவரும் சின்ன வயசுல இதே டிவிஷனில் பெட்ஃபர்டு ப்ளூஸுக்கு லோனில் ஆடி அடிவாங்கி வளர்ந்தவர்தான். பெரிய கிளப்பின் பையன்கள் 'பெரிய ஆளுங்க எப்படி மோதுவாங்க'ன்னு கத்துக்கிற பட்டறை இந்தக் கீழ் வீடு. மாடி வீட்டுக்குச் செங்கல் இங்கிருந்துதான் போகுது. அதை மனசுல வச்சுக்கோங்க.

ஃப்ளைட் ஏறிப்போற டீம்

ஜெர்சி ரக்பி கிளப் ஆரம்பிச்சது 1879-ல். ரொம்ப வருஷம் அது லோக்கல் கிளப்தான். பிறகு படிப்படியா ஏறி, 2011-12-ல் மூணாம் டிவிஷனில் முதலிடம் பிடிச்சு, 2012-ல் சாம்பியன்ஷிப்புக்கு வந்தது. 'ரெட்ஸ்' என்ற வால் 2016-ல் சேர்ந்தது.

ஒரு விஷயம் யோசிச்சுப் பாருங்க. மற்ற பதினோரு டீமும் இங்கிலாந்து மண்ணில். வேன் எடுத்தா போயிடலாம். இவங்களுக்கு ரோடே கிடையாது! ஒவ்வொரு வெளியூர் மேட்ச்சுக்கும் கடலைத் தாண்டணும். ஒரு சீஸனில் பதினோரு தடவை மூட்டை முடிச்சோடு ஏர்போர்ட். எதிர் டீமும் இங்கே வரணும்னா அதே கதைதான். நல்ல வேளை, இவங்க கிரவுண்டு செயின்ட் பீட்டர் என்கிற பகுதியில், ஏர்போர்ட்டை ஒட்டியே இருந்தது. ஆனா ஏர்போர்ட்டில் பனிமூட்டம் வந்தா, மேட்ச்சுக்கு யார் வருவா, யார் வரமாட்டான்னு கடவுளுக்குத்தான் வெளிச்சம்.

பிளேயர்களும் தீவில் பிறந்த பசங்க மட்டும் இல்லை. பெரிய கிளப்களில் இடம் கிடைக்காதவங்க, 'நீ இன்னும் தேறணும்'னு திருப்பி அனுப்பப்பட்டவங்க, 'ஒரே ஒரு சான்ஸ் கொடுங்க'ன்னு வந்தவங்க நிறைய. தென் ஆப்பிரிக்காக்காரர் ஹார்வி பில்ஜான் பல வருஷம் இவங்களை வழிநடத்தினார்.

2017-ல் ஒரு தடவை பெரிய கோப்பை கைக்கு எட்டுற தூரத்தில் வந்தது. பிரிட்டிஷ் அண்ட் ஐரிஷ் கப் ஃபைனல். அயர்லாந்தின் மன்ஸ்டர் 'ஏ' டீமோடு மோதி 28-29. ஒரே ஒரு பாயின்ட்டில் போச்சு! 49 மார்க்கில் நின்னவங்களுக்கு அந்த வலி புரியும்.

கோப்பை வந்தது... கதவு திறக்கலை!

2022-23. பணபலம் உள்ள ஈலிங் டிரெயில்ஃபைண்டர்ஸ்தான் அதுக்கு முந்தைய வருஷ சாம்பியன். மேற்கு லண்டன் டீம். அவங்கதான் மறுபடியும் ஜெயிப்பாங்கன்னு பலரும் கணக்குப் போட்டாங்க. ஆனா செப்டம்பரில் ஆரம்பிச்ச அந்த ஓட்டம், குளிர்காலச் சேறு, கடற்காற்று, ஃப்ளைட் டிலே எல்லாத்தையும் தாண்டி ஓடி முடிஞ்சப்போ, டேபிளில் முதல் பேர் ஜெர்சி ரெட்ஸ். ஈலிங் ரெண்டாவது. ஒரு லட்சம் பேர் வசிக்கிற தீவு, இங்கிலாந்தின் இரண்டாம் டிவிஷன் சாம்பியன்!

சினிமா என்றால் இங்கே 'சுபம்' போட்டு லைட்டைப் போட்டிருப்பாங்க. இரண்டாம் டிவிஷனில் ஜெயிச்சா முதல் டிவிஷனுக்குப் போகணும்தானே? அதுக்குத்தானே டிவிஷன்னு ஒண்ணு வச்சிருக்கான்?

ம்ஹூம். இங்கேதான் ட்விஸ்ட்.

பிரீமியர்ஷிப்புக்குள் நுழைய அப்போ ஒரு நிபந்தனைப் பட்டியல் இருந்தது. அதில் முக்கியமானது, கிரவுண்டில் குறைந்தது 10,001 பேர் பார்க்கிற வசதி இருக்கணும் என்பதா இருந்தது. பத்தாயிரம் இல்லை சார், பத்தாயிரத்து ஒண்ணு! 2021-22-ல் ஈலிங் முதலிடம் பிடிச்சும் இந்தப் பட்டியலில் தேறாம கீழேயே உட்கார்ந்தது. ஜெர்சி கிரவுண்டில் அதில் பாதி பேர்கூட கொள்ளாது.

நம்ம இன்ஜினீயரிங் மூளையை வச்சு ஒரு சின்னக் கணக்கு போடுவோம். தீவின் மக்கள்தொகை ஒரு லட்சம். ஸ்டேடியம் 10,001. அதாவது ஒவ்வொரு மேட்ச்சுக்கும் தீவில் பத்துல ஒருத்தர், பச்சைக்குழந்தை, படுத்த படுக்கையா இருக்கிற பாட்டி உள்பட, வந்து உட்கார்ந்தாத்தான் அது நிறையும். இதைக் கட்டினாத்தான் 'நீ பெரிய டீம்'.

ஆக, ஜெர்சி சாம்பியன். ஆனா மேலே போகலை. யாருமே போகலை.

இடிஞ்சது யார் வீடு?

'ரூல்னு ஒண்ணு இருந்தா காரணம் இருக்கும்ல?' என்று நீங்க கேட்கலாம். நானும் கேட்டேன். காரணம் இருக்கு. பெரிய லீக்கில் செலவு அதிகம். சம்பளம் கொடுக்க முடியாத கிளப் உள்ளே வந்து நடுவில் மூழ்கிடக் கூடாது. கூட்டம் வந்தாத்தான் வருமானம். நியாயமான பயம்தான்.

சரி, அதே சீஸனில் மேல் வீட்டில் என்ன நடந்ததுன்னு பாருங்க.

2022 செப்டம்பர் கடைசியில் வூஸ்டர் வாரியர்ஸ் கிளப்பை சஸ்பெண்ட் பண்ணாங்க. காசு இல்லை. அவங்க ஸ்டேடியத்தில் பதினோராயிரம் பேருக்கு மேல் உட்காரலாம். அக்டோபரில் வாஸ்ப்ஸ் விழுந்தது. ரெண்டு தடவை ஐரோப்பிய சாம்பியன். அவங்க ஆடின கோவென்ட்ரி ஸ்டேடியத்தில் முப்பதாயிரத்துக்கு மேல் சீட்! 2023 ஜூனில் லண்டன் ஐரிஷ். அவங்க ஆடினது பிரென்ட்ஃபோர்டு ஃபுட்பால் டீமின் புத்தம்புது ஸ்டேடியத்தில், பதினேழாயிரம் பேர் உட்காரலாம்.

மூணு பேருமே 10,001 டெஸ்டில் டிஸ்டிங்ஷன். மூணு பேருமே கடனில் அவுட். பதின்மூணு டீமோடு ஆரம்பிச்ச பிரீமியர்ஷிப், அடுத்த சீஸனில் பத்தே டீம். மேலே மூணு நாற்காலி காலி. கீழே ஒரு சாம்பியன் கையில் கோப்பையோடு நிற்கிறான். அப்பவும் கதவு திறக்கலை.

சீட்டை எண்ணுறது ஈஸி பாஸ். வரவு செலவுக் கணக்கைப் பார்க்கிறதுதான் கஷ்டம். ஈஸியா எண்ண முடியறதை மட்டும் எண்ணி, 'இவன் தகுதி, இவன் தகுதியில்லை'ன்னு சொன்னா இப்படித்தான் ஆகும்.

கதவு திறந்தா என்ன ஆகும்?

'அப்படியே மேலே விட்டாலும் சின்ன டீம் என்னத்தைக் கிழிச்சிடும்?' என்று கேட்கிறவங்களுக்கு ஒரு குட்டி ஃப்ளாஷ்பேக்.

2009-10. சாம்பியன்ஷிப்பின் முதல் சீஸன். ஃபைனலில் எக்ஸிடர் சீஃப்ஸும் பிரிஸ்டலும். ரெண்டு மேட்ச். சொந்த ஊரில் 9-6-ன்னு மூச்சுத் திணறி ஜெயிச்ச எக்ஸிடர், பிரிஸ்டல் ஊருக்கே போய் 29-10 என்று அடிச்சது. கேரத் ஸ்டீன்ஸன் என்கிறவர் உதைச்சே அந்த மேட்ச்சில் 24 பாயின்ட் எடுத்தார். அவங்களுக்குக் கதவு திறந்தது. மேலே போனாங்க. 'ஒரு வருஷத்தில் இறங்கிடுவாங்க' என்ற ஆரூடம் பலிக்கலை. 2017-ல் இங்கிலாந்து சாம்பியன். 2020-ல் இங்கிலாந்து சாம்பியன், ஐரோப்பிய சாம்பியன், ரெண்டும்!

பத்தே வருஷம். கீழ் வீட்டிலிருந்து ஐரோப்பாவின் உச்சிக்கு. கதவு திறந்திருந்தா எல்லாரும் எக்ஸிடர் ஆகிடுவாங்கன்னு நான் சொல்லலை. திறக்கலைன்னா எக்ஸிடர் என்று ஒரு டீம் இருக்கிறதே நமக்குத் தெரிஞ்சிருக்காது. அவ்வளவுதான் என் வாதம்.

செப்டம்பர் 28

ஜெர்சிக்கு வருவோம்.

இன்னொரு பக்கம் காசும் வத்திக்கிட்டே இருந்தது. இங்கிலாந்து ரக்பி யூனியன் இரண்டாம் டிவிஷன் கிளப் ஒவ்வொண்ணுக்கும் வருஷா வருஷம் ஒரு தொகை கொடுக்கும். 2019-20-ல் அது சுமார் 5 லட்சத்து 34 ஆயிரம் பவுண்டு. 2020 பிப்ரவரியில், கொரோனா லாக்டவுனுக்கு முன்னாடியே, 'அடுத்த சீஸனில் இருந்து 2 லட்சத்து 88 ஆயிரம்தான்' என்று அறிவிச்சாங்க. கிட்டத்தட்ட பாதி! மெஸ் பில்லுக்கு வீட்டிலிருந்து வர்ற காசு திடீர்னு பாதியானா ஒரு மாசம் சமாளிப்போம். வருஷக்கணக்கா?

2023 செப்டம்பரில் புது சீஸன். மூணு டீம் கழண்டுபோனதால், பிரீமியர்ஷிப் கப் போட்டியில் சாம்பியன்ஷிப் டீம்களையும் சேர்த்துக்கிட்டாங்க. ஜெர்சிக்கு மேல் வீட்டு ஆளுங்களோடு மோத ஒரு வாய்ப்பு. எதிரே பாத். பேர் பெற்ற பழைய கிளப். ஜெர்சி அவங்களை வீழ்த்தியது! பாத் சாதாரண டீம் இல்லை. ரெண்டு சீஸன் கழிச்சு, 2025-ல் இங்கிலாந்து சாம்பியன் ஆன டீம். 'எங்களுக்குத் தகுதி இல்லையா? வந்து பாரு' என்று இதைவிட சத்தமா எப்படிச் சொல்றது?

சில வாரம்கூட ஆகலை. 2023 செப்டம்பர் 28. கிளப்பிலிருந்து அறிவிப்பு. பணம் போட்டுக்கிட்டிருந்தவங்க தொடரத் தயாரா இல்லை. இரண்டாம் டிவிஷனை மாத்தி அமைக்கப்போறதா பேச்சு ஓடிக்கிட்டே இருந்தது. ஆனா எப்படி மாறும், யார் எவ்வளவு காசு தருவாங்க, எதிலும் தெளிவில்லை. எதை நம்பி இன்னும் காசு போடுவாங்க? கிளப்பை இழுத்து மூடறாங்க. பிளேயர்கள், கோச்கள், ஆபீஸ் ஆட்கள் எல்லாருக்கும் வேலை போச்சு. நடப்பு சாம்பியன், தன் கோப்பையைக் காப்பாத்திக்க ஒரு லீக் மேட்ச்கூட ஆடாமலேயே காணாமப் போச்சு.

இதில் இன்னொரு கொடுமை. அந்த நேரம் ரக்பி உலகக் கோப்பை நடந்துக்கிட்டிருந்தது. எங்கே? பிரான்ஸில்! ஜெர்சி கடற்கரையில் வானம் தெளிவா இருக்கிற நாளில் நின்னு பார்த்தா பிரான்ஸ் கரை தெரியும். அந்தப் பக்கம் உலகமே ரக்பித் திருவிழா கொண்டாடுது. இந்தப் பக்கம் ஒரு சாம்பியன் டீமின் பிளேயர்கள் வாடகை வீட்டைக் காலி பண்ணிட்டு, அடுத்த கிளப்புக்கு போன் போட்டுக்கிட்டிருக்காங்க.

2023-24 சாம்பியன்ஷிப் பதினோரு டீமோடு நடந்தது. ஈலிங் ஜெயிச்சது. அவங்களும் மேலே போகலை.

'அதர்ஸ்'

இப்போ, இதை ஏன் சொல்றேன்னு சொன்னேனே... அதுக்கு வர்றேன்.

போன மாசம் ஒரு ராத்திரி, ஹாஸ்டல் மொட்டை மாடியில், ரெண்டு கோடு காட்டுற வைஃபையில் ஒரு பெரிய கம்பெனியின் இன்டர்ன்ஷிப் ஃபார்ம் நிரப்பிக்கிட்டிருந்தேன். பேரு, டிபார்ட்மென்ட், சி.ஜி.பி.ஏ எல்லாம் போட்டாச்சு. 'கல்லூரியின் பெயரைத் தேர்ந்தெடுக்கவும்.' அமுக்கினா ஒரு லிஸ்ட் நீளமா இறங்குது. மேலே போய் கீழே வந்து மூணு தடவை தேடினேன். எங்க காலேஜ் பேர் இல்லை. லிஸ்ட்டின் கடைசியில் ஒரே ஒரு வார்த்தை. 'அதர்ஸ்'.

"டேய், அதை அமுக்கிட்டு வாடா, டீ ஆறுது" என்றான் ரூம்மேட். அமுக்கினேன். அடுத்த செகண்டு ஸ்கிரீனில் நன்றி சொல்லி அனுப்பிட்டாங்க. மார்க்கைப் பார்க்கலை. நான் பண்ணின பிராஜெக்ட்டைப் பார்க்கலை. கேள்வியே கேட்கலை. தோத்திருந்தாக்கூட பரவாயில்லை, மேட்ச்சே நடக்கலையே!

அன்னைக்கு டீயும் ஆறி, தூக்கமும் போய், போனை நோண்டிக்கிட்டிருந்தப்போதான் ஜெர்சி ரெட்ஸ் கதை கண்ணில் பட்டது. பத்தாயிரத்து ஒண்ணுன்னு படிச்சதும் சிரிச்சிட்டேன். 'அட, உங்க லிஸ்ட்டிலும் நாங்க இல்லையா?'

உங்களில் எத்தனை பேர் 'அதர்ஸ்' என்று எனக்குத் தெரியும். நானும் அந்த ஊர்தான். அதனால, 'ஜெயிச்சுக்கிட்டே இரு, கதவு தானா திறக்கும்' என்று போஸ்டர் வசனம் சொல்லி உங்களை ஏமாத்த எனக்கு மனசு வரலை. ஜெர்சி ஜெயிச்சுக்கிட்டேதான் இருந்தது. கதவு திறக்கலை. ஜெயிக்கிறது நம்ம கையில் இருக்கு. கதவு யார் கையில் இருக்குன்னு தெரிஞ்சுக்கிறதும் நம்ம வேலைதான். எந்த ரூல் நிஜமான தகுதியை அளக்குது, எது சும்மா சீட் எண்ணுதுன்னு கேள்வி கேட்கப் பழகணும். நாளைக்கு நம்மில் ஒருத்தர் அந்த ஃபார்மைத் தயார் பண்ற சீட்டில் உட்காருவோம் இல்லையா? அன்னைக்கு அந்த லிஸ்ட்டைக் கொஞ்சம் நீட்டுங்க. இல்லைன்னா லிஸ்ட்டையே தூக்கிட்டு ஒரு கேள்வித்தாளை வைங்க.

அதுக்காக, 'அப்போ எதுக்கு ஜெயிக்கணும்?' என்று விட்டுடவும் முடியலை. இதைத்தான் அன்னைக்கு ராத்திரி ரொம்ப நேரம் யோசிச்சேன். ஜெர்சி பிளேயர்கள் பலர் வேற கிளப்களில் போய்ச் சேர்ந்தாங்க. எப்படி? 'சாம்பியன் டீமில் ஆடினவன்' என்ற ஒரு வரி அவங்க கூடவே போச்சு. கிளப் போனாலும், அந்த 22 மேட்ச்சில் கத்துக்கிட்டது போகலை. கதவு திறக்கிறது உறுதி இல்லை. ஆனா திறக்கிற நாளில், ஓடத் தெரிஞ்சவன்தான் உள்ளே ஓட முடியும். எக்ஸிடர் அப்படித்தான் ஓடினாங்க.

இன்னும் ரெண்டு சேதி. முதல் ஆளா மூழ்கின வூஸ்டர் வாரியர்ஸ், மூணு வருஷம் கழிச்சு 2025-26 சீஸனில் திரும்பி வந்தது. எங்கே தெரியுமா? இதே இரண்டாம் டிவிஷனுக்கு! இப்போ அதுக்கு 'சாம்ப் ரக்பி'ன்னு புதுப் பேர், 14 டீம். மேலிருந்து விழுந்தவனைத் தாங்கிப் பிடிச்சதும் இந்தக் கீழ் வீடுதான். செங்கல் எங்கிருந்து போகுதுன்னு மனசுல வச்சுக்கச் சொன்னேனே, ஞாபகம் இருக்கா?

ஜெர்சியிலும் ரக்பி செத்துப் போகலை. சம்பளம் வாங்குற டீம் இல்லாம, பழையபடி லோக்கல் கிளப்பாக, ஆசைக்கு ஆடுற ஆளுங்களோடு, கீழ் டிவிஷனில் ஓடிக்கிட்டிருக்கு. 1879-ல் ஆரம்பிச்ச இடத்துக்கே திரும்பின மாதிரி. அங்கேயும் பந்தைப் பின்னாடிதான் பாஸ் பண்றாங்க, முன்னாடிதான் ஓடுறாங்க.

அப்பத்தாவுக்கு போன் போட்டு, "உங்க சீமை மாட்டோட சொந்த ஊர் டீம் சாம்பியன் ஆச்சு, ஆனா கம்பெனியை மூடிட்டாங்க" என்று கதையைச் சொன்னேன். பொறுமையா கேட்டுட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டாங்க. "பால் நல்லா கறந்துச்சுதானே? அப்புறம் எதுக்குக் கண்ணு வித்தாங்க?"

எனக்குப் பதில் தெரியலை. உங்களுக்குத் தெரிஞ்சா எழுதுங்க.

ரிசல்ட் வந்துட்டா அடுத்த வாரம் லெட்டர் வருமான்னு தெரியாது. வந்தா பார்ப்போம்!